இடது கையால் களி தின்ற ஊர்

6

கொடை வள்ளல் குப்புராஜின் வாழ்க்கை பதினான்கு நிமிடம் ஓடியது. அதில் குப்புராஜ் கண்ணில் படுவது மூன்று நிமிடம். மீதிப் பதினொரு நிமிடமும் அவர் பின்னணிக் குரலாகத்தான் வாழ்ந்திருந்தார்.

காரிமங்கலத்தில் அவர் வீட்டுக் கூடத்தில், பகல் பன்னிரண்டு மணிக்கு, ஜன்னல்களில் ஜமக்காளம் தொங்கவிட்டு, சுவரில் வெள்ளை வேட்டி கட்டி, அந்தப் படத்தை இரண்டாவது முறையாக ஓட்டிக்கொண்டிருந்தார்கள். படத்தின் பெயர் 'வறட்சியை வென்ற வள்ளல்'. அது தான் சூட்டிய பெயரில்லை, பொதுமக்கள் சூட்டியது என்று குப்புராஜ் விளக்கினார். எந்தப் பொதுமக்கள் என்று யாரும் கேட்கவில்லை.

பார்வையாளர்கள் மூன்று பேர். முதலாவது, துப்பறியும் நிபுணர் சவுரியப்பன். கோர்ட்டு அமீனாவாக இருபது வருடம் ஊரார் வீட்டு அண்டாக்களை ஜப்தி செய்துவிட்டு, ஒரு நாள் மனசு கேட்காமல் ராஜினாமா எழுதிக் கொடுத்தவர். இப்போது தர்மபுரி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால், சைக்கிள் கடை மாடியில் ஆபீஸ். போர்டில் 'அகில இந்திய' என்பது அவர் பெயரை விடப் பெரிய எழுத்தில் இருக்கும். அகில இந்தியாவில் அவர் இதுவரை ஓசூர் வரைக்கும் போயிருக்கிறார்.

இரண்டாவது, அவருடைய உதவியாளர் பரிதா. டைப்ரைட்டிங்கில் ஹையர் பாஸ். மாதத்துக்கு மூன்று கடிதம்கூட அடிக்க வேலையில்லாத ஆபீஸில், மிஞ்சிய நேரத்தை அவள் வாயால் ஓட்டிக்கொண்டிருந்தாள்.

மூன்றாவது ஆள் கூடத்துக்குள் வராமல் வாசற்படியிலேயே உட்கார்ந்திருந்த தீர்த்தம்மாள். இந்த வழக்கே அவளுடையதுதான்.

எண்பத்து மூன்று சித்திரையில், தண்ணீர் இல்லாத அந்த வருடத்தில், அவள் புருஷன் முனிராஜின் கிணற்றில் மட்டும் தண்ணீர் இருந்தது. பக்கத்துக் காட்டுக்காரன் பச்சியப்பன் பங்கு கேட்டான். கைகலப்பானது. 'கெணத்துத் தண்ணிதானே வேணும், அதுலயே போட்டு மூடறேன்' என்று முனிராஜ் பத்துப் பேர் கேட்கச் சொன்னான். பச்சியப்பன் மறுநாளே கல்குவாரி வேலைக்கு என்று ஓசூர் பக்கம் கிளம்பிப் போனான். ஆடி மாதக் கடைசியில் அதே கிணற்றில் ஒரு பிணம் மிதந்தது. பத்து நாள் ஊறியதில் முகம் என்று சொல்ல ஒன்றும் மிஞ்சவில்லை. வலது கை மோதிர விரலில் ஒரு செம்பு மோதிரம் மட்டும் இருந்தது. அதைக் கழற்றிப் பொட்டலமாகக் கொண்டுபோய்க் காட்டியதும், பச்சியப்பன் பெண்சாதி செல்லி அது தன் அப்பன் கல்யாணத்தில் போட்ட மோதிரம் என்று சொல்லிக் கீழே உட்கார்ந்துவிட்டாள்.

முனிராஜ் வாயில் வந்த வார்த்தையும் பிணத்தின் விரலில் வந்த மோதிரமும் ஒன்றுக்கொன்று பொருந்திப் போயின. ஜாமீனுக்கு ஆளில்லாமல் முனிராஜ் இரண்டு வருடமாகச் சேலம் ஜெயிலில் இருந்தான். வருகிற புதன்கிழமை தீர்ப்பு.

போன சந்தை நாளில் குப்புராஜ் தன் படத்தை வேனில் ஏற்றிக்கொண்டு வந்து சந்தைத் திடலில் காட்டினார். புளி விற்றுவிட்டு வந்த தீர்த்தம்மாள் ஓரமாக நின்று பார்த்தாள். கொலையுண்ட பச்சியப்பன் படத்தில் உட்கார்ந்து களி தின்றுகொண்டிருந்தான்.

அவள் கத்தவில்லை. கூடையை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போய், மறுநாள் வக்கீலிடம் போய்ச் சொன்னாள். வக்கீல் சவுரியப்பனிடம் அனுப்பினார். ஆகவே சவுரியப்பனுக்கு இருந்த வேலை ஒன்றே ஒன்று: அந்த நாலு விநாடிக் காட்சி எப்போது பிடித்தது என்று கண்டுபிடிப்பது. பிணம் கிடைத்த பிறகு பிடித்ததென்றால் பச்சியப்பன் உயிரோடிருக்கிறான், முனிராஜ் வீட்டுக்கு வரலாம்.

குப்புராஜ் அந்தச் சிரமத்தை வைக்கவில்லை. படத்தின் ஒவ்வொரு அடியும் இந்த வருடம், எண்பத்து ஐந்து தை மாதம் பிடித்தது என்று சொன்னார். வறட்சி முடிந்து ஒரு வருடம் கழித்தா கஞ்சித் தொட்டி திறந்தீர்கள் என்று சவுரியப்பன் கேட்டதற்கு, கொடுத்துப் பழகிய கை வறட்சி முடிந்ததைக் கவனிக்கவில்லை என்றார். கோர்ட்டில் வந்து சாட்சி சொல்லவும் தயார். சாட்சிக் கூண்டில் நிற்கும்போது போட்டோ எடுக்க விடுவார்களா என்பதை மட்டும் விசாரித்து வைக்கச் சொன்னார்.

சுவர் வேட்டியில் களிக் காட்சி மறுபடி வந்தது. தரையில் வரிசையாக நாற்பது பேர். அலுமினியத் தட்டு. முன்வரிசையில் பச்சியப்பன், தட்டை மடியில் வைத்து, மடியில் கிடந்த துண்டுக்குள் ஒரு கையை விட்டுக்கொண்டு, மறு கையால் களியைப் பிட்டு வாயில் போட்டுக்கொண்டிருந்தான். பின்னால் ஒரு துணி பேனர். அதில் இருந்த எழுத்து யாருக்கும் பிடிபடவில்லை.

"அது கன்னடம்" என்றார் குப்புராஜ். "எல்லை தாண்டியும் குடுத்திருக்கோம். அதை எல்லாம் நான் பெருசா சொல்லிக்கறதில்லை."

பரிதா பணிவாகக் கேட்டாள். "எங்க பெரியம்மா வூடு ஆனேக்கல்லுங்க. மூணாவது வரைக்கும் அங்க கன்னடப் பள்ளிக்கூடத்துலதான் படிச்சேன். இது எந்த ஊருக் கன்னடமுங்க?"

"அது உள்ளூர்க் கன்னடம்மா" என்றார் குப்புராஜ்.

படத்தை வெட்டி ஒட்டியது யார் என்று சவுரியப்பன் கேட்டார். அந்தக் கேள்வி குப்புராஜுக்குப் பிடிக்கவில்லை. கருத்தும் கற்பனையும் தன்னுடையவை, கத்தரிக்கோல் மட்டும் பாப்பிரெட்டிப்பட்டி டூரிங் டாக்கீஸ் ஆபரேட்டர் ஒருவனுடையது என்றார்.

வெளியே பஸ்ஸுக்கு நின்றபோது சவுரியப்பன் வெற்றி பெற்றவர் முகத்தோடு இருந்தார். வழக்கு முடிந்தது, தேதிக்குச் சாட்சி இருக்கிறது, கோர்ட்டுக்குப் போக வேண்டியதுதான் பாக்கி என்று அவர் விளக்கிக்கொண்டிருக்க, பரிதா எதிர் ஹோட்டலில் சாப்பிடுகிறவர்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சார், நம்ம வள்ளல் களி போட்ட ஊர்ல எல்லாரும் பீச்சாங்கையால சாப்பிடறாங்க."

சவுரியப்பன் யோசித்தார். எல்லைப் பக்கத்தில் அப்படி ஒரு வழக்கம் இருக்கலாம் என்றார்.

"எங்க பெரியம்மா காதுல விழுந்தா நீங்க ஆனேக்கல் பக்கமே போக முடியாது. நாப்பது பேரையும் எண்ணிப் பாத்துட்டேன் சார். ஒழுங்கா சோத்துக்கையால சாப்பிடறது செத்துப்போனவரு ஒருத்தருதான்."

இதற்கு மேல் நிபுணராக இல்லாமல் இருக்க முடியாது. சவுரியப்பன் தன் சட்டைப் பையைத் தொட்டுப் பார்த்தார். இடது பக்கம் இருந்தது. படத்தில் எல்லார் சட்டையிலும் பை வலது பக்கம் இருந்ததாக அவருக்கு இப்போது ஞாபகம் வந்தது. அந்தப் பிலிம் துண்டை யாரோ புறம் மாற்றி ஒட்டியிருக்கிறார்கள். பேனரில் இருந்தது கன்னடம் இல்லை, முதுகைக் காட்டிய தமிழ். புறம் மாற்றி ஒட்டியவன், மறைக்க ஏதோ இருந்ததால்தான் மாற்றியிருப்பான்.

அவர்கள் தர்மபுரியில் பஸ் மாறினார்கள். தீர்த்தம்மாளை வீட்டுக்குப் போகச் சொன்னார்கள். அவள் தன் டிக்கெட்டைத் தானே வாங்கிக்கொண்டு பின் சீட்டில் உட்கார்ந்தாள். பாப்பிரெட்டிப்பட்டி வரும் வரையில் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டே வந்தாள். எதைப் பார்த்தாள் என்று கேட்டால் அவளுக்கே தெரிந்திருக்காது.

டூரிங் டாக்கீஸ் கொட்டகையில் முதல் ஆட்டத்துக்கு இன்னும் மூன்று மணி நேரம் இருந்தது. ஆபரேட்டர் அப்துல் ஷுக்கூர் இரண்டு கழிக்கு நடுவே கயிறு கட்டி, தன் லுங்கிக்கும் பனியனுக்கும் பக்கத்தில் பிலிம் சுருளைப் பிரித்துக் காயப் போட்டுக்கொண்டிருந்தார். ஐம்பது வயது. கேட்டதற்கெல்லாம் ஒளிக்காமல் பதில் சொன்னார். ஒளிக்கத் தகுந்த எதையும் தான் செய்ததாக அவர் நினைக்கவில்லை.

அரூரில் ஒரு ஸ்டூடியோக்காரர் இருந்தார். கூப்பிட்ட விசேஷத்துக்கெல்லாம் சின்ன பிலிம் கேமராவோடு போய்ப் படம் பிடிப்பார். அவர் இறந்த பிறகு கூரை ஒழுகி, பெட்டி நிறைய இருந்த சுருள்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகிவிட்டன. குப்புராஜ் அந்தப் பெட்டியை அந்த வீட்டம்மாளிடமிருந்து வாங்கிக்கொண்டு வந்து ஷுக்கூரிடம் இறக்கினார். ஷுக்கூர் அதை அண்டாவில் ஊறவைத்து, பிய்யாமல் பிரித்து, காயவைத்தார். எட்டு மணி நேரப் படத்தில் நாற்பது நிமிடத்துக்கு மனிதர்கள் மிஞ்சினார்கள். மீதியெல்லாம் வெறும் கண்ணாடித் தாளாகிவிட்டது.

மிஞ்சினவர்களை வைத்துத்தான் குப்புராஜின் வாழ்க்கை தயாரானது. எந்தப் பள்ளிக்கூடத்திலோ நடந்த ஓட்டப் பந்தயம், அவர் நிறுவிய பள்ளி ஆயிற்று. யாரோ ஒருவர் கல்யாணத்துக்கு வந்த கூட்டம், அவரை வாழ்த்த வந்த கூட்டம் ஆயிற்று. தேர்தல் ஊர்வலம் ஒன்று மாலையும் கையுமாகப் போனது. வேட்பாளரை வெட்டி எடுத்ததும் அதுவும் அவரைத் தேடி வந்த ஊர்வலமாகிவிட்டது.

களிக் காட்சியைப் புறம் மாற்றியது ஏன் என்று சவுரியப்பன் கேட்டார்.

"பின்னாடி வேற சங்கத்துப் பேரு இருந்துச்சிங்க. ரெண்டு ஓரமும் ஓட்டை இருக்கற பிலிமு, திருப்பிப் போட்டாலும் ஓடும். எழுத்து மட்டும் படிக்க வராது. குப்புராஜ் ஐயா பாத்துட்டு, இது கன்னடமான்னு கேட்டாருங்க." ஷுக்கூர் கயிற்றில் தொங்கிய சுருளை இழுத்து நேராக்கினார். "அவரு மூஞ்சியில அவ்வளவு சந்தோசம். நான் ஆமான்னுட்டேன்."

அதாவது கன்னட விஷயத்தில் அந்த மனிதர் பொய் சொல்லவில்லை. எல்லை தாண்டித் தர்மம் செய்ததை அவர் தன் படத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டிருந்தார்.

"எல்லாரும் பீச்சாங்கையால திங்கறாங்களே மாமு, அதைப் பாக்கலையா?" என்றாள் பரிதா.

முப்பது வருடமாகப் படம் ஓட்டும் ஷுக்கூர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். எழுத்தைத்தான் பார்த்தேன், கையைப் பார்க்கவில்லை என்றார். எத்தனை ஊரில் திரையிட்டீர்கள் என்று கேட்டாள். இருபத்திரண்டு. இருபத்திரண்டு ஊரிலும் ஜனங்கள் தங்கள் மூஞ்சி வருகிறதா என்று தேடியிருக்கிறார்கள், கையைத் தேடவில்லை.

ஷுக்கூர் ஒட்டைப் பிரித்துத் துண்டைத் திருப்பிப் போட்டு, கொட்டகையின் படுதாக்களை இறக்கி ஓட்டினார். மணல் தரையில், பெண்கள் பக்கத்தில் தீர்த்தம்மாள் தனியாக உட்கார்ந்திருந்தாள். திரையில் கன்னடம் தமிழானது. சவுரியப்பன் வாய்விட்டுப் படித்தார். அரூர் இளைஞர் நற்பணி மன்றம், கஞ்சித் தொட்டி, ஏழாம் நாள். அதற்குக் கீழே தேதி. பன்னிரண்டு, ஆறு, எண்பத்து மூன்று.

ஜூன் மாதம். பிணம் மிதந்தது ஆகஸ்டில்.

படம் நின்றது. மெஷினில் விசிறி மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. ஜூனில் ஒருவன் களி தின்றதால் அவனை ஆகஸ்டில் கொல்ல முடியாது என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. சவுரியப்பனுக்கு வெற்றி பெற்ற முகத்தை எங்கே கழற்றி வைப்பது என்று தெரியவில்லை. படிக்கத் தெரியாத தீர்த்தம்மாளுக்கு அந்த இங்கிலீஷ் தேதி பிடிபட்டிருக்காது. யாராவது சொல்லியாக வேண்டும். அவரே போய்ச் சொன்னார். படம் பழசு, அப்போது அவன் உயிரோடு இருந்ததில் அதிசயம் இல்லை, இதை வைத்துக் கோர்ட்டில் ஒன்றும் செய்ய முடியாது.

"செரிங்க" என்றாள் தீர்த்தம்மாள்.

அவ்வளவுதான். அவள் குரல் உயரவும் இல்லை, இறங்கவும் இல்லை. ரேஷன் கடையில் சர்க்கரை வரவில்லை என்று சொன்னால் எப்படிச் சொல்வாளோ அப்படிச் சொன்னாள். பிறகு ஊருக்கு எத்தனை மணிக்குப் பஸ் என்று கேட்டாள்.

பரிதா திரைக்குப் பக்கத்தில் போய் நின்று, அந்தக் காட்சியை நிறுத்திக் காட்டச் சொன்னாள். மெஷினில் நிற்கும் பிலிம் சூட்டில் பொசுங்கிவிடும் என்று ஷுக்கூர் சொல்லவே, இன்னொரு தடவை ஓட்டச் சொன்னாள்.

"சார், இப்ப எல்லாரும் ஒழுங்கா சாப்பிடறாங்க. அவரு ஒருத்தரு மட்டும் பீச்சாங்கை."

சிலபேர் பிறவியிலேயே அப்படி இருப்பார்கள் என்று சவுரியப்பன் எரிச்சலோடு சொன்னார். பரிதா அவரை விட்டுவிட்டு தீர்த்தம்மாளிடம் கேட்டாள். பச்சியப்பனுக்குப் பீச்சாங்கைப் பழக்கம் உண்டா?

"இல்லீங்களே" என்றாள் தீர்த்தம்மாள். "சண்டை அன்னிக்குச் சோத்துக்கையாலதான் கொடுவாளை ஓங்குனாரு. எங்க வூட்டுக்காரரு அந்தக் கையத்தான் புடிச்சாரு."

அப்போது ஷுக்கூர் மெஷினுக்குப் பின்னாலிருந்து நகர்ந்து வந்தார். அவர் யாரையும் பார்க்கவில்லை. ஒரு பிஸ்கட் டின்னைக் கொண்டுவந்து பெஞ்சின் மேல் வைத்தார். ஆபரேட்டர்கள் வெட்டிய துண்டை எறிய மாட்டார்கள். வருகிற படத்தில் எங்காவது அறுந்திருந்தால் ஒட்டுக்கு முன்னே பின்னே கோத்துவிட ஆகும்.

"அந்தாளு சாப்பிடறது இன்னும் கொஞ்சம் இருந்துச்சிங்க. ஐயா வெட்டச் சொல்லிட்டாரு. வள்ளல் படத்துல ஊனத்தை எல்லாம் காட்டக்கூடாது, ஜனங்க முழுசா இருக்கணும்னாரு."

ஓர் ஆள் உயரம்கூட இல்லாத துண்டு. பரிதா அதன் நுனியைப் படத்தில் இருந்த துண்டின் நுனியோடு வைத்துப் பார்த்தாள். கத்தரி கொஞ்சம் கோணலாகப் போயிருந்தது. கோணலும் கோணலும் சரியாக உட்கார்ந்தன. ஷுக்கூர் ஒட்டி ஓட்டினார்.

பச்சியப்பன் களியைப் பிட்டு வாயில் போட்டான். தட்டு சரிந்தது. பிடிக்கப் போன அவசரத்தில் மடியில் கிடந்த துண்டு விலகி, உள்ளே இருந்த வலது கை வெளியே வந்தது. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் இருந்தன. மீதி மூன்றும் இருந்த இடத்தில் கறை படிந்த கட்டு. அவன் கேமராவைப் பார்த்தான். அவசரம் இல்லாமல் துண்டை எடுத்துக் கையை மூடிக்கொண்டு, திரும்பவும் சாப்பிட ஆரம்பித்தான். தலைக்கு மேல் பேனரில் தேதி முழுசாகத் தெரிந்தது.

குவாரியில் வெடி வைக்கிறவர்களுக்கு இப்படிப் போவதுண்டு என்று ஷுக்கூர் மெதுவாகச் சொன்னார்.

சவுரியப்பன் வக்கீல் கொடுத்த வழக்குக் காகிதக் கட்டைப் பிரித்தார். இருபது வருடம் ஜப்திப் பட்டியல் படித்த பழக்கத்தில் வரிவரியாக விரல் வைத்துப் படித்தார். பிரேதப் பரிசோதனை அறிக்கையில் இரண்டு கை, பத்து விரல், எலும்புச் சேதம் ஏதும் இல்லை. வலது கை மோதிர விரலில் செம்பு மோதிரம்.

"ஜூன்ல போன விரல் ஆகஸ்ட்ல மொளைக்காது" என்றார்.

இந்த வருடம் முழுவதும் அவர் சொன்னதில் சுருக்கமான வாக்கியம் அது.

அவர் தீர்த்தம்மாளிடம் போய் மணலிலேயே உட்கார்ந்து, நிதானமாகச் சொன்னார். பிணத்துக்குப் பச்சியப்பன் என்று பெயர் வைத்தது அந்த மோதிரம் ஒன்றுதான். விரல் போனவனுக்கு மோதிரம் எதற்கு? யாருக்கோ கொடுத்திருக்கிறான், இல்லையென்றால் விற்றிருக்கிறான்; பிறகு அவன் எங்கே போனான் என்பது வேறு விஷயம். அதை வாங்கிப் போட்டுக்கொண்ட எவனோ ஒருவன் தண்ணீரைத் தேடி வந்து அந்தக் கிணற்றில் விழுந்திருக்கிறான். செல்லி மோதிரத்தைச் சரியாகத்தான் அடையாளம் காட்டினாள். மோதிரத்தை மட்டும்தான் காட்டினார்கள், கையைக் காட்டவில்லை. படம் பழசு என்பதுதான் இப்போது பலம். புதன்கிழமை தீர்ப்பு இருக்காது. வக்கீல் மனுப் போட்டு டாக்டரைத் திரும்பக் கூண்டில் ஏற்றுவார், செல்லியைக் கூப்பிட்டுப் படத்தைக் காட்டுவார். ஒரு மாதம், மிஞ்சிப் போனால் இரண்டு. முனிராஜ் வந்துவிடுவார்.

தீர்த்தம்மாள் எல்லாவற்றுக்கும் தலையை ஆட்டினாள். கடைசி வார்த்தைக்கும் அதே அளவுதான் ஆட்டினாள். சந்தோஷம் வரும் என்று அவள் கொஞ்ச நேரம் காத்திருந்த மாதிரி இருந்தது. வரவில்லை. இரண்டு வருடமாக உபயோகம் இல்லாமல் கிடந்த சாமான், தேடினால் உடனே கையில் கிடைக்காது.

"அப்ப எங்க கெணத்துல கெடந்தவரு யாருங்க?" என்றாள்.

தெரியாது என்றார் சவுரியப்பன்.

"நான் அவரைத் திட்டாத நாளில்லீங்க. செத்தும் எங்க குடும்பத்தைக் கெடுத்தியேன்னு தினம் காலையில எழுந்ததும் திட்டுவேன். ரெண்டு வருசம்." அவள் கையில் ஒட்டிய மணலைத் தட்டிக்கொண்டாள். "எந்த ஊருக்காரரோ. தண்ணி குடிக்க வந்தவரு."

சவுரியப்பன் கட்டை மடித்து, மேல் அட்டையைப் பார்த்தார். வக்கீல் குமாஸ்தாவின் கொட்டை எழுத்தில் 'பச்சியப்பன் கொலை வழக்கு' என்று இருந்தது. பேனாவை எடுத்து 'பச்சியப்பன்' என்பதை அடித்தார். 'கொலை' என்பதையும் அடித்தார். வழக்கு மட்டும் மிஞ்சியது.

என்ன அடித்தீர்கள் என்று தீர்த்தம்மாள் கேட்டாள். அவர் சொன்னார். அந்தப் பெயர் இருந்த இடத்தில் இப்போது என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டாள். ஒன்றும் இல்லை என்றார்.

"வெறுமனே வுடாதீங்க" என்றாள். "மனுசன்னாவது எழுதுங்க."